இனமுதுமைக் கோட்பாடும் அம்மோனைற்றுச் சான்றும்

பண்டை உயிர்களின் சுவடுகளை ஆராய்வோர்க்கு இருவகைக் கடமைகள் உண்டு. கல்லிற் கண்டதைக் கண்டவாறே கூறுதல் ஒன்று. கண்டதினின்றும் காணாததை உய்த்துணர்தல் மற்றையது. முன்னையதற் சிறந்தோர் பின்னையதிலும் சிறந்தோராதல் வேண்டும் என்னும் நியதி இல்லை. நுண்ணிய நோக்கினர் ஒருவர் தாம் நோக்கியவற்றுக்கு முற்றும் பொருந்தாத முடிபொன்றைக் கூறுதல் கூடும். அம்முடிபும் அவருடைய நோக்கின் பெருமையாலேயே நெடுங்காலம் நிலைத்தலும் கூடும்.

இதற்கோர் எடுத்துக்காட்டாக அமைவது இனமுதுமைக் கோட்பாடு. ஒரு மனிதன் பிறந்து, வளர்ந்து, மூத்து, மாய்வது போல ஓர் உயிரினமும் தனக்கென வகுக்கப்பட்ட இளமையும் நடுவயதும் முதுமையும் உடையது என்றும், முதுமையுற்ற இனம் வடிவம் சீர்குலைந்து தானே அழியும் என்றும் அக்கோட்பாடு கூறிற்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுந்து, இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதிவரை அறிஞர் சிலரால் ஏதோவொரு வடிவிற் போற்றப்பட்ட இக்கோட்பாட்டுக்குத் தலைமைச் சான்றாக நிறுத்தப்பட்டவை யுறாசிக் காலத்துக் கடல்களில் வாழ்ந்து மறைந்த அம்மோனைற்றுக்களும் அவற்றின் உறவினங்களுமாம். அச்சான்று உண்மையிற் கூறியது யாது, அதனைக் கேட்டோர் கூறுவித்தது யாது என்பதை வேறுபிரித்து மதிப்பிடுதலே ஈண்டுக் கருதப்படுவது.

உயிரும் ஓடும்

கணவாய், பேய்க்கணவாய், நோட்டிலசு ஆகியன அடங்கிய தலைக்காலிகள் என்னும் வகுப்பைச் சேர்ந்தவை அம்மோனைற்றுக்கள். ஆட்டுக்கடாவின் கொம்பையுடைய அம்மோன் என்னும் எகிப்தியக் கடவுளின் பெயரால் அவை வழங்கலாயின. அவற்றின் ஓடு பெரும்பாலும் ஒரு தளத்திற் சுருண்டது. உட்புறம் பல அறைகளாகப் பிரிக்கப்பட்டது. விலங்கு கடைசி அறையிலேயே வாழ்ந்தது. வளருந்தோறும் ஓட்டின் வாயில் முன்னோக்கி நீள, விலங்கு தனக்குப் பின்னே ஒரு பிரிசுவரை அமைத்துக்கொண்டு முன்சென்றது. பின்விடப்பட்ட அறைகள் வாயு நிரம்பியனவாய் உடலை நீரில் மிதப்பித்தன. அவ்வறைகளையெல்லாம் ஊடுருவிச் செல்லும் மெல்லிய குழாயொன்று அவற்றிலிருந்த நீரை அகற்ற உதவிற்று.

பிரிசுவரின் விளிம்பு ஓட்டோடு பொருந்துமிடத்துத் தோன்றும் கோட்டைப் பொருத்துவரை என்பர். நோட்டிலசில் அது எளிய வளைகோடாக அமையும். யுறாசிக் காலத்து அம்மோனைற்றிலோ பன்னத்தின் இலைவிளிம்பு போலப் பலகாற் பிளவுபட்டு மடிந்திருக்கும். குழாயும் நோட்டிலசில் நடுவே செல்ல, அம்மோனைற்றில் ஓட்டின் வெளிவிளிம்பை அடுத்துச் செல்லும். புறத்தோற்றத்தில் நோட்டிலசை ஒத்திருப்பினும் உறவுமுறையிற் கணவாய்க்கே அம்மோனைற்று நெருங்கியது என்பது இன்றைய துணிபு. பல்வரிசையின் அமைப்பும், முட்டையிலிருந்து வெளிவரும் குஞ்சு ஏறக்குறைய ஒரு மில்லிமீற்றர் அளவினதாயிருந்தமையும் இதற்கு ஆதாரங்கள். 

இக்குலம் தெவோனியன் காலத்திலே தோன்றிற்று. திரயாசிக் காலத்தின் இறுதியில் அது முற்றும் அழியும் நிலையை எய்தி, எஞ்சிய மிகச் சிலவற்றினின்றும் மீண்டும் பெருகிற்று. இன்றைக்கு ஏறக்குறைய 20.1 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 14.5 கோடி ஆண்டுகளுக்கு முன் முடிந்த யுறாசிக் காலத்தின் கடற்பாறைகளிற் காணப்படும் எண்ணிறந்த வடிவங்கள் அவ்வெச்சத்தின் வழிவந்தவையே. பின்வந்த கிரேற்றேசியக் காலத்தின் முடிவில், அஃதாவது 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன், அக்குலம் அடியோடு மறைந்தது.

இந்துக்களுக்கு இவ்வோடு புதியதன்று. நேபாளத்தில் முத்திநாத்தை அடுத்துள்ள காளி கண்டகியாற்றிற் பெறப்படும் சாளக்கிராமங்கள் பல, யுறாசிக் காலத்தின் பிற்பகுதியில் வாழ்ந்த அம்மோனைற்றுக்களைத் தம்முட்கொண்ட கருநிறக் கல்லுருண்டைகளாம். அவற்றிற் சக்கரமென வணங்கப்படுவது ஓட்டின் சுருளே. இமயம் எழுமுன் அவ்விடத்துப் பரந்திருந்த கடலின் அடிச்சேறு இன்று மலையுச்சியிற் பாறையாய் நிற்கின்றது. இலங்கையிலோ இவ்வோடு கிடைத்தற்கில்லை. தப்போவை, ஆண்டிகமம் ஆகிய இடங்களிலுள்ள யுறாசிக் காலத்துப் படிவுகள் நிலத்துத் தாவரங்களின் சுவடுகளையே தாங்குவன. யாழ்ப்பாணத்துச் சுண்ணக்கல்லோ மயோசீன் காலத்தது. அது படியுமுன்னரே அம்மோனைற்றுக் குலம் பல கோடி ஆண்டுகளாக மறைந்துவிட்டது. ஆதலின், ஈண்டு ஆராயப்படும் வழக்கு பெரும்பாலும் இங்கிலாந்து, ஜேர்மனி, போலந்து ஆகிய நாடுகளின் களிமண்ணிலும் சுண்ணக்கல்லிலும் நடந்ததாகும்.

அடுக்கு என்னும் நடுநிலைச் சாட்சி

கோட்பாட்டை ஆராயுமுன் அதனைச் சோதித்தற்குரிய கருவி யாதென அறிதல் வேண்டும். பாறைகள் படிந்த ஒழுங்கே அக்கருவி. குலைவுறாத படிவுகளிற் கீழுள்ள அடுக்கு முற்பட்டது, மேலுள்ளது பிற்பட்டது. ஒவ்வோரடுக்குக்கும் தனக்கேயுரிய உயிர்ச்சுவடுகள் உண்டு என்பதைக் கால்வாய் வெட்டும் தொழிலிற் பழகிய வில்லியம் ஸ்மித் கண்டு, 1815ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் பாறைப்படத்தை வெளியிட்டார். ஜேர்மனிய அறிஞராகிய அல்பேட் ஒப்பெல் 1856 முதல் 1858 வரை வெளியிட்ட யுறாசிக் படிவுகள் பற்றிய நூலில், ஒரு நாட்டின் பாறைத்தன்மையைச் சாராது, உயிர்ச்சுவடுகளின் வரன்முறை ஒன்றையே அடியாகக் கொண்டு வலயங்களை வகுத்தார். முப்பத்து நான்காம் வயதில் மறைந்த அவர் நிறுவிய முறையே இன்றும் நிலைபெறுவது. வடமேற்கு ஐரோப்பாவில் யுறாசிக் காலம் இப்பொழுது எழுபதுக்கு மேற்பட்ட அம்மோனைற்று வலயங்களாகப் பிரிக்கப்படுகின்றது. ஒரு வலயம் சராசரியாகப் பத்து இலட்சம் ஆண்டுகளுக்குங் குறைந்த காலத்தைக் குறிக்கும்.

ஒப்பெலின் முறைக்கு ஒரு சிறப்புண்டு. அம்மோனைற்று எதிலிருந்து எது பிறந்தது என்பதைப்பற்றி அது ஒன்றும் கூறுவதில்லை. எது கீழே, எது மேலே என்பது மட்டுமே அதன் கூற்று. எனவே, பிறப்புமுறை பற்றிய எக்கொள்கையையும் சோதிக்கும் நடுநிலைச் சாட்சியாக அது நிற்கவல்லது. இச்சாட்சியைக் கேளாமலே தீர்ப்புக் கூறியோர் இடறினர் என்பது மேல்வருவனவற்றால் விளங்கும்.

ஹயற்றின் கோட்பாடு

அல்பியஸ் ஹயற் (1838 - 1902) அமெரிக்க அறிஞர். லூயி அகாசியின் மாணாக்கர். 1866ஆம் ஆண்டில் வெளியிட்ட கட்டுரையிலும், 1889ஆம் ஆண்டில் கீழ் யுறாசிக் காலத்து அரியெற்றிடே என்னும் குடும்பத்தைப்பற்றி வெளியிட்ட பெருநூலிலும் தமது கோட்பாட்டை விரித்துரைத்தார். அவர் கொண்ட அடிப்படையை இகழ்தற்கில்லை. முதுகெலும்புடைய விலங்கு வளருங்கால் அதன் இளமை வடிவம் அழிந்துபோம். அம்மோனைற்றோ தன் பிள்ளைப்பருவத்தைத் தன்னுள்ளேயே காத்துவைப்பது. வெளிச்சுருளை உடைத்து நீக்கின் இளம்பருவத்துச் சுருள் தோன்றும். அதனையும் நீக்கின் குஞ்சுப்பருவத்து ஓடு தோன்றும். ஓர் உயிரின் வாழ்க்கை வரலாறு முழுவதையும் ஒரு கல்லினுள் வாசிக்கும் வாய்ப்பு வேறெவ்வினத்திலும் எளிதிற் கிடைப்பதன்று. ஹயற் இவ்வாய்ப்பை உணர்ந்து, ஓடுகளைச் சுருள் சுருளாகப் பிரித்து, வரம்பும் புடைப்பும் முகடும் எச்சுற்றிலே தோன்றி எச்சுற்றிலே மறைகின்றன என்பதைப் பொறுமையோடு பதிவு செய்தார்.

அதன்மேல் அவர் எழுப்பிய மாளிகை மூன்று தூண்களையுடையது. தனியுயிரின் வளர்ச்சி தன் முன்னோரின் வரலாற்றை வரிசை தவறாது மீட்டுரைக்கும் என்பது முதலாவது. இது ஜேர்மனியில் ஹெக்கல் அதே 1866ஆம் ஆண்டில் முழங்கிய கருத்தோடு ஒத்தது. ஓட்டின் இறுதிச் சுற்றில் வரம்புகள் மங்குதல், சுருள் விரிதல் முதலிய மாற்றங்கள் கிழப்பருவத்தின் தளர்ச்சி என்பது இரண்டாவது. முன்னோரின் கிழப்பருவ இயல்புகள் வழித்தோன்றல்களில் மேன்மேலும் முற்பட்ட பருவத்திலே தோன்ற, முடிவில் இனம் முழுவதும் கிழமையுற்று மாயும் என்பது மூன்றாவது.

இம்மூன்றையும் தொடர்ந்து நோக்குவார்க்கு ஒன்று புலனாகும். முதலாவது சோதிக்கப்படவேண்டிய கருதுகோள். இரண்டாவது ஓர் உவமை. மூன்றாவது அவ்வுவமையை உண்மையெனக் கொண்டு செய்த அனுமானம். மனிதன் மூப்பது போல ஓடும் மூக்கும் என்பதிலிருந்து, ஓடு மூப்பது போல இனமும் மூக்கும் என்பதற்குச் செல்லும் பாதையில், இனத்தை மூப்பிக்கும் காரணம் யாதென்பது கூறப்படவேயில்லை. சாள்ஸ் டாவினே 1872ஆம் ஆண்டில் ஹயற்றுக்கு எழுதிய கடிதங்களில், இக்கொள்கையின் கருத்தைத் தம்மாற் பற்றிக்கொள்ள முடியவில்லை என்று பணிவோடு தெரிவித்தார்.

உவமை எத்துணைத் தொலைவு செல்லக்கூடும் என்பதற்கு ஹயற்றின் பிற்கால எழுத்தொன்றே சான்று. 1897ஆம் ஆண்டில், மனித இனத்தின் கூர்ப்பிற் பெண்ணின் இடம் பற்றி எழுதுகையில், ஓடுகளிற் கண்ட அதே முறையை அவர் சமுதாயத்துக்கும் ஏற்றினார். ஆணும் பெண்ணும் பண்பால் ஒத்துவருதல் இனத்தின் வீழ்ச்சிக்கு வழியாகும் எனக் கருதிப் பெண்களின் வாக்குரிமைக்கெதிராக வாதித்தார். கடற்சேற்றில் அமிழ்ந்த ஓடொன்றின் கடைசிச் சுற்றுக்கும் பெண்ணின் வாக்குரிமைக்கும் யாதொரு தொடர்பும் இல்லை. ஆயினும் அறிவியலின் பெயரால் அத்தொடர்பு கற்பிக்கப்பட்டது. சான்றில்லாத கோட்பாடு நூலகத்துள்ளேயே அடங்கிக் கிடப்பதில்லை என்பதை இந்நிகழ்ச்சி உணர்த்தும்.

தலைகீழான வரிசை

முதற்றூண் எவ்வாறு சாய்ந்தது என்பதை லிப்பரோசெரற்றிடே என்னும் கீழ் யுறாசிக் குடும்பத்தின் வரலாறு தெளிவாகக் காட்டும். இக்குடும்பத்தில் இருவகை ஓடுகள் உள. ஒருவகை பருத்து உருண்டு, புடைப்புகள் நிறைந்தது. மற்றையது ஒடுங்கித் தளர்வாகச் சுருண்டு, ஆட்டுக்கொம்பு போல எளிய வரம்புகளை மட்டுமுடையது. இவ்விரண்டுக்கும் இடைப்பட்ட ஓடுகளும் உள. அவற்றின் உட்சுருள் ஒடுங்கியும் வெளிச்சுருள் பருத்தும் காணப்படும்.

1919ஆம் ஆண்டில் ஏ. ஈ. ட்ரூமன் இவ்விடைநிலை ஓடுகளை மீட்டுரைக் கொள்கையின்படி வாசித்தார். உட்சுருள் முன்னோரின் வடிவம்; வெளிச்சுருள் பின்னோரின் வடிவம்; ஆகவே ஒடுங்கியவை முற்பட்டவை, பருத்தவை பிற்பட்டவை என்பது அவர் முடிபு. கொள்கை வழுவற்றதாயின் முடிபும் வழுவற்றதே. ஆனால் அடுக்குகளின் சாட்சி வேறாயிருந்தது. பிரித்தானிய நூதனசாலையிற் பணியாற்றிய எல். எப். ஸ்பாத் 1938ஆம் ஆண்டில் வெளியிட்ட அக்குடும்பத்தின் விவர அட்டவணையில், பருத்த ஓடுகளே கீழடுக்குகளில் முதற்கண் தோன்றுகின்றன என்றும், ஒடுங்கியவை பின்னரே வருகின்றன என்றும் எடுத்துக்காட்டினார். ஒடுங்கிய வடிவம் என்னும் புத்தியல்பு இளஞ்சுருளில் முதலிலே தோன்றிப் பின்னர் வெளிச்சுருளுக்குப் பரவிற்றேயன்றி, பழமையின் எச்சமாக இளஞ்சுருளில் தங்கியிருக்கவில்லை. குழந்தையின் முகத்திற் பாட்டனைக் கண்டதாக எண்ணியோர், உண்மையிற் பேரனையே கண்டனர் என்னலாம்.

இதனை முதன்முதல் உணர்ந்தவர் ஸ்பாத் அல்லர். ருசிய அறிஞராகிய பவ்லோவ் 1901ஆம் ஆண்டிலேயே, சில அம்மோனைற்றுக்களிற் புதிய இயல்புகள் உட்சுருளிலே முற்படத் தோன்றுவதைச் சுட்டிக்காட்டியிருந்தார். அவர் கூற்று அக்காலத்தில் உரிய மதிப்பைப் பெறவில்லை. சான்று இருந்தும் அதற்குச் செவிசாய்ப்போர் அரியராயினர். ஆளும் கோட்பாடொன்று இருக்கும்போது மாறுபட்ட சான்று விதிவிலக்கெனவே ஒதுக்கப்படும்.

மீட்டுரைக் கொள்கை முழுவதும் பொய்யென்று கூறுதலும் மிகையே. சில மரபுகளில் முன்னோரின் முதிர்நிலை வடிவம் பின்னோரின் இளமையில் தோன்றுதல் உண்டு. வேறு சிலவற்றில் முன்னோரின் இளமை வடிவம் பின்னோரின் முதிர்நிலை வரை நீடித்தல் உண்டு. இரண்டும் நிகழ்வன. எது நிகழ்ந்ததென்பதை அடுக்கைக் கேட்டே அறிதல் வேண்டும். ஓட்டை மட்டும் கேட்டு அறிதல் இயலாது. இதுவே ஸ்பாத்தின் பணியாற் பெறப்படும் பாடம்.

பெயர்களின் பெருக்கம்

மீட்டுரைக் கொள்கையை யுறாசிக் ஆராய்ச்சியில் ஊக்கத்தோடு கையாண்டவருள் எஸ். எஸ். பக்மன் (1860 - 1929) தலையாயவர். 1909ஆம் ஆண்டிற் றொடங்கி அவர் மறைந்த பின் 1930ஆம் ஆண்டு வரை பகுதி பகுதியாக வெளிவந்த அவருடைய அம்மோனைற்றுத் தொகுதி, புகைப்படங்களின் தெளிவால் இன்றும் ஆராய்ச்சியாளர்க்கு இன்றியமையாதது. ஓரடுக்கினுள்ளும் நுண்ணிய காலப்பிரிவுகள் உண்டு என்று 1893ஆம் ஆண்டிலேயே அவர் காட்டியமையும் மெச்சத்தக்கது. ஆயின், சிறு வேறுபாட்டுக்கெல்லாம் புதுச்சாதி வகுத்துப் பெயர்களை மலியச்செய்தார். இரண்டு அம்மோனைற்றுக்கள் ஓரிடத்தில் ஒருங்கே கிடையாவெனின் அவை வெவ்வேறு காலத்தன என்று கொண்டு, காணாத அடுக்குகளையும் கற்பித்தார். இடமும் நீரின் ஆழமும் உயிர்களைப் பிரித்துவைத்தல் கூடும் என்பது அவர் கணக்கில் உரிய இடம் பெறவில்லை.

இக்குறைகளை டபிள்யு. ஜே. ஆர்க்கெல் 1933ஆம் ஆண்டில் வெளியிட்ட பிரித்தானிய யுறாசிக் பாறைகள் பற்றிய நூலில் வெளிப்படுத்தினார். உலகமனைத்தின் யுறாசிக் பாறைகளையும் ஒருங்குநோக்கிய அவருடைய 1956ஆம் ஆண்டுப் பெருநூல் ஒப்பெலின் எளிய முறைக்கே மீண்டது. பக்மன் பெயர்களை மிகுத்தாரெனினும் அவர் காட்டிய மாதிரிகளும் படங்களும் பொய்யல்ல; அவற்றைக் கொண்டே பின்வந்தோர் அவரைத் திருத்தினர்.

பெயர்ப்பெருக்கத்துக்கு மற்றுமொரு காரணம் பின்னரே விளங்கிற்று. ரோலண்ட் பிரிங்க்மன் என்னும் ஜேர்மனியர் 1929ஆம் ஆண்டில், இங்கிலாந்தின் பீற்றர்பறோச் செங்கற் களிமண் குழிகளில் ஏறக்குறைய 3000 கொஸ்மொசெரசு ஓடுகளை அடுக்கு அடுக்காக எடுத்து அளந்து, மரபுகள் காலத்தால் எவ்வாறு மாறுகின்றன என்பதை எண்களால் நிறுவினார். தனியோட்டைத் தெரிந்தெடுத்து மாதிரியெனப் பெயரிடும் வழக்கத்துக்கு மாறாக, ஒரு கூட்டத்தின் வேறுபாட்டை முழுமையாக நோக்கியது இவ்வாராய்ச்சி. அவர் கண்ட மரபுகளிற் பெரிய ஓடுகளுடையனவும் சிறிய ஓடுகளுடையனவும் இணையிணையாக ஒரே அடுக்குகளில் மாறிச்சென்றன.

இவ்விணைகளின் பொருளை 1962ஆம் ஆண்டிற் போலந்து நாட்டு மக்கோவ்ஸ்கியும், 1963ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் ஜோன் கலமனும் தனித்தனியே விளக்கினர். பெரிய ஓடும் சிறிய ஓடும் இருவேறு இனங்களல்ல. ஓரினத்தின் இரு பாலாரே. இரண்டின் உட்சுருள்களும் ஒத்திருத்தல், ஒரே அடுக்கிற் றோன்றி ஒரே அடுக்கில் மறைதல், முதிர்ந்த அளவுகளுக்கிடையே இடைவெளி இருத்தல் ஆகியன அவர்கள் காட்டிய ஆதாரங்கள். சிற்றோட்டின் வாயிற் காது போன்ற இரு நீட்சிகள் பல இனங்களில் அமைந்திருக்கும். பேரோட்டின் வாய் எளிமையாகவே முடியும். பெரியது பெண்ணென்றே பொதுவாகக் கருதப்படுகின்றது. இத்தகைய கருத்து பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே பிரெஞ்சு அறிஞர் சிலரால் வெளியிடப்பட்டதாயினும், அடுக்குச் சான்றோடு நிறுவப்பட்டது அப்பொழுதே. கலமன் தொழிலால் வேதியியற் பேராசிரியர் என்பதும் குறிப்பிடத்தக்கது. கணவனுக்கும் மனைவிக்கும் வெவ்வேறு குடும்பப் பெயர்கள் சூட்டி, ஒருவர் மற்றவரின் மூதாதை என வாதிட்ட நிலை அதனால் மாறத்தொடங்கிற்று. மேற்கூறிய லிப்பரோசெரற்றிடேயின் பருத்த ஓடும் ஒடுங்கிய ஓடும் இவ்வாறே பாலிணைகளாதல் கூடும் என்பதும் இவ்வாராய்ச்சியின் விளைவே.

ஹயற்றின் இரண்டாந் தூணும் இங்கே தகர்கின்றது. ஓட்டின் இறுதியிற் பிரிசுவர்கள் நெருங்குதல், வரம்பு மாறுதல், வாய் தனிவடிவு பெறுதல் ஆகியன வளர்ச்சி நிறைவெய்தி இனப்பெருக்கத்துக்குரிய பருவம் வந்ததன் அடையாளங்கள். இன்று வாழும் நோட்டிலசிலும் முதிர்நிலையிற் கடைசிப் பிரிசுவர்கள் நெருங்கியே அமைகின்றன. ஹயற் முதுமையெனக் கொண்டது முதிர்ச்சியையே. அவர் கண்ணிற் பட்டது மெய். அவர் இட்ட பெயரே பிழை.

சுருள் அவிழ்ந்த ஓடுகள்

மூன்றாந் தூணுக்கு ஆதாரமாகக் காட்டப்பட்டவை சுருள் அவிழ்ந்த அம்மோனைற்றுக்கள். கோல் போல் நேரானவையும், கொக்கி போல் வளைந்தவையும், நத்தை போல் உயர்ந்து சுருண்டவையும் கிரேற்றேசியக் காலத்தில் மிகுந்திருந்தன. ஜப்பானில் 1904ஆம் ஆண்டில் யாபே என்பவர் விவரித்த நிப்பொனைற்றீசு, முடிச்சிட்ட கயிறு போல் இங்குமங்கும் வளைந்தது. அழிவின் வாயிலில் நின்ற இனத்தின் பித்துநிலை என இவை விளக்கப்பட்டன. ஜேர்மனியின் தியூபிங்கனிற் கற்பித்த ஷிண்டெவொல்ப் இருபதாம் நூற்றாண்டின் நடுவிலும், ஒவ்வொரு குலமும் விரைந்து தோன்றி, நெடிது நிலைத்து, ஈற்றிற் சிதையும் என்று கூறி, இவ்வோடுகளைச் சிதைவுக்கு உதாரணமாக்கினார்.

காலக்கணக்கு இதனை ஏற்பதில்லை. யுறாசிக் காலத்தின் நடுப்பகுதியிலேயே, ஏறக்குறைய 17 கோடி ஆண்டுகளுக்கு முன், ஸ்பைரோசெரசு என்னும் சுருள் அவிழ்ந்த சாதி வாழ்ந்தது. அது முதுமையின் குறியாயின், அம்மோனைற்றுக் குலம் கிழமையுற்ற பின்னும் பத்துக் கோடி ஆண்டுகள் வாழ்ந்ததென்று கூறவேண்டி வரும். அதற்கு முன்னர்த் திரயாசிக் காலத்தின் இறுதியிலும் இத்தகைய ஓடுகள் தோன்றின. அவற்றின் பின்னரே யுறாசிக் காலத்துப் பெரும்பெருக்கம் நிகழ்ந்தது. தியூபிங்கனைச் சேர்ந்த வீட்மன் 1969ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆராய்ச்சியில், கிரேற்றேசியக் காலத்துச் சுருள் அவிழ்ந்தவற்றினின்றும் மீண்டும் சுருண்ட மரபுகள் தோன்றின என்று நிறுவினார். மீளமுடியாத சிதைவு என்னும் கூற்று இதனோடு வலியிழந்தது.

நேரான ஓட்டையுடைய பக்குலைற்றீசு வட அமெரிக்காவின் உட்கடலில் மிகப்பெருகி வாழ்ந்தது. அங்குள்ள மேற்கிரேற்றேசிய வலயங்கள் பல அதன் இனங்களைக் கொண்டே வகுக்கப்பட்டுள்ளன. காலங்காட்டும் அளவுக்குப் பெருகிப் பரந்த ஒன்றை நோயாளியெனல் பொருந்தாது. 2011ஆம் ஆண்டில் ஊடுகதிர் முறையால் அதன் தாடையும் பல்வரிசையும் ஆராயப்பட்டபோது, வாயினுள்ளே சிறிய கடலுயிர்களின் துண்டங்கள் காணப்பட்டன. நிப்பொனைற்றீசின் கோணலும் குழப்பமன்று. 1988ஆம் ஆண்டில் ஒக்கமோட்டோ என்பவர் கணிப்பொறியால் அதனை மீள அமைத்து, வளருங்கால் ஓட்டின் வாய் நீரில் உரிய திசையை விட்டு விலகாதிருக்கும் பொருட்டுச் சில எளிய விதிகள் மாறிமாறிச் செயற்படுவதால் அவ்வடிவம் முறையாகவே தோன்றும் என்று காட்டினார்.

இவ்வகை ஓடுகள் தமிழகத்து மண்ணிலும் உள. எட்வேட் போப்ஸ் 1846ஆம் ஆண்டில் விவரித்த தென்னிந்தியச் சுவடுகளில், புதுச்சேரியை அடுத்த வழுதாவூர்ப் பகுதிக்குரிய பக்குலைற்றீசு வகையும் ஒன்று. அது அம்மோனைற்றுக் குலத்தின் இறுதிக் காலத்தது. அவ்விறுதிக் காலத்தில் நேரானவற்றோடு ஒழுங்காகச் சுருண்டவையும் ஒருங்கே வாழ்ந்தன என்பது கருதத்தக்கது.

மறைவின் காரணம்

இருவகையும் ஒருங்கே மறைந்தன. சுருள் அவிழ்ந்தமை முதுமையாயின், செவ்வனே சுருண்டிருந்தவை தப்பியிருத்தல் வேண்டும், அவை தப்பவில்லை. 1980ஆம் ஆண்டில் அல்வாரெசு குழுவினர் கிரேற்றேசியக் காலத்தின் எல்லைக் களிமண்ணில் இரிடியம் மிகுந்திருத்தலைக் கண்டு, விண்கல்லொன்றின் மோதலை அறிவித்தனர். மெக்சிக்கோவின் சிக்சுலூப் என்னுமிடத்தில் அம்மோதலின் பெருங்குழி பின்னர் அறியப்பட்டது. கடலின் மேற்பரப்பில் வாழும் நுண்ணுயிர்கள் பெரிதும் அழிந்தபோது, ஒரு மில்லிமீற்றர் அளவினவாய் அம்மேற்பரப்பிலே மிதந்து வளர்ந்த அம்மோனைற்றுக் குஞ்சுகளும் உணவிழந்திருக்கும். பெரிய முட்டையினின்றும் வெளிவந்து ஆழ்நீரில் வாழும் நோட்டிலசின் முன்னோர் தப்பின. இவ்விளக்கம் பலராலும் ஏற்கப்படுவது. கோட்பாட்டின் வழி நோக்கின், எளிய பொருத்துவரையும் பழைய அமைப்புமுடைய நோட்டிலசே முன்னர் மூத்து மாய்ந்திருத்தல் வேண்டும். மூத்தது வாழ, இளையது மாய்ந்தது.

மதிப்பீடு

ஹயற், பக்மன் முதலியோரின் நூல்களில் இன்று கொள்ளத்தக்கன யாவை, தள்ளத்தக்கன யாவை? ஓட்டைச் சுருள் சுருளாகப் பிரித்து வளர்ச்சியை வாசிக்கும் முறை ஹயற்றின் கொடை. அதனை இன்றும் எவரும் கைவிடவில்லை. நுண்ணிய காலப்பிரிவுகளைத் தேடும் ஊக்கமும், தெளிந்த படங்களும் பக்மனின் கொடை. அவர்களை மறுத்தோர் அவர்களுடைய சான்றுகளைக் கொண்டே மறுத்தனர். இது அச்சான்றுகளின் நேர்மைக்கு அளிக்கப்பட்ட பெருமதிப்பாகும். தள்ளத்தக்கது அவர்கள் ஓட்டுக்கு அணிவித்த மனிதச் சாயலே.

இளமை, முதுமை, தளர்ச்சி, சீர்கேடு என்னும் சொற்கள் மனித வாழ்வினின்றும் இரவலாகப் பெறப்பட்டவை. கல்லின்மேல் அவை வைக்கப்பட்டு, பின்னர்க் கல்லே கூறியதாகக் கொள்ளப்பட்டு, மீண்டும் மனிதர்மேல் ஏற்றப்பட்டன. இவ்வட்டத்தில் ஆதாரம் எவ்விடத்தும் புகவில்லை. ஒரு மக்கட்கூட்டத்தையோ மொழியையோ நாகரிகத்தையோ மூத்துத் தளர்ந்தது என்று கூறுவோர் இன்றும் உளர். அக்கூற்றுக்கு இயற்கையின் விதியே துணையென அவர்கள் கருதின், அவ்விதிக்கெனத் தேர்ந்தெடுக்கப்பட்ட சான்று சோதனையில் நில்லாது போயிற்று என்பதை அறிதல் நன்று. இனங்கள் அழிவதுண்டு, ஆனால் அழிவுக்குக் காரணம் தேடப்பட வேண்டியதேயன்றி, வயதெனக் கூறி அமைதற்குரியதன்று.

ஆராய்ச்சி முற்றுப்பெற்றுவிடவில்லை. ஜேர்மனியின் ஐக்ஸ்ரெற் நகரை அடுத்த மேல்யுறாசிக் சுண்ணக்கல்லிற் கிடைத்த, ஓடில்லாத அம்மோனைற்றின் மெல்லுடல் ஒன்று 2021ஆம் ஆண்டிலே விவரிக்கப்பட்டது. நூற்றாண்டுகளாக ஓட்டை மட்டுமே அறிந்திருந்த உலகுக்கு, அதனுள் வாழ்ந்த உயிரின் உள்ளுறுப்புக்களைக் காணும் வாய்ப்பு அவ்வாறு கிட்டிற்று. அவ்வுடலின் கைகள் அதிற் காணப்படவில்லை. அதனால் அவை எத்துணையாயிருந்தன என்பதை அக்கல் கூறவில்லை. அதனை விவரித்தோரும் கல் கூறாததைத் தாம் கூறாது விட்டனர்.